வாய்க்காலை யார் தூர்வாருவது? நாஷ் சமநிலையைக் கையால் கண்டுபிடிக்கும் முறை

மேட்டூர் அணை வழக்கமாகத் திறக்கும் ஜூன் 12-க்கு முன், டெல்டாவில் ஒரு கேள்வி எழும்: கிளை வாய்க்காலில் மண்டிய ஆகாயத்தாமரையை யார் எடுப்பது? தலைமடைக்காரர் ஒருவர், கடைமடைக்காரர் ஒருவர் என்று வைத்துக்கொண்டால், ஒருவர் முடிவு மற்றவர் பலனையும் மாற்றும்போது யார் என்ன செய்வார் என்று கணக்கிடும் கேம் தியரி பழக இதைவிடத் தோதான கணக்கு இல்லை. தாளும் பென்சிலும் போதும்.

1. பலனை எண்ணாக்குங்கள். பொக்லைன் வாடகை 4 மூட்டை நெல்லின் விலை. சேர்ந்து செய்தால் ஆளுக்கு 2. தண்ணீர் தடையின்றி வந்தால் தலைமடைக்கு 6 மூட்டை லாபம், கடைமடைக்கு 8. தலைமடை எண்ணை முதலில் எழுதுங்கள்:

இருவரும் தூர்வாரினால்: 4, 6
தலைமடைக்காரர் மட்டும்: 2, 8
கடைமடைக்காரர் மட்டும்: 6, 4
யாருமே இல்லை: 0, 0

2. அடிக்கோடிடுங்கள். எதிராளி செய்வதை மாறாமல் பிடித்துக்கொண்டு, நமக்கு எது அதிகம் என்று பார்த்து, அந்த எண்ணின் கீழ் கோடு போடுங்கள். கடைமடைக்காரர் தூர்வாரினால் தலைமடைக்கு 4-ஐவிட 6 மேல். அவர் சும்மா இருந்தால் 0-ஐவிட 2 மேல். கடைமடைக்கும் இப்படியே. இரண்டு எண்ணிலும் கோடு விழுந்த கட்டங்கள் (2, 8), (6, 4). இவையே நாஷ் சமநிலைகள்: இங்கே யாரும் தனியாக முடிவை மாற்றி லாபம் பார்க்க முடியாது.

3. கலப்புச் சமநிலை. இதில் ஒவ்வொருவரும் ஒரே வழியில் நிற்காமல், இரண்டு வழிகளையும் ஒரு வாய்ப்பு விகிதத்தில் கலந்து ஆடுவார்கள். கடைமடைக்காரர் தூர்வாரும் வாய்ப்பு க என்றால், தலைமடைக்காரருக்குத் தூர்வாருவதும் (இடப்பக்கம்) சும்மா இருப்பதும் (வலப்பக்கம்) சமமாக வேண்டும்: 4க + 2(1−க) = 6க; க = 1/2. தலைமடைக்காரர் தூர்வாரும் வாய்ப்பு த என்றால், கடைமடைக்காரருக்கும் இப்படியே: 6த + 4(1−த) = 8த; த = 2/3.

புதியவர்கள் தடுக்கி விழுவது இங்கேதான். தலைமடையின் எண்களிலிருந்து வருவது கடைமடைக்காரரின் வாய்ப்பு. நம் இரண்டு வழியும் நமக்குச் சமமாகத் தெரிந்தால்தான் கலந்து ஆடுவோம். அந்தச் சமத்தை உண்டாக்குவது எதிராளியின் கலவை. அதனால்தான் அதிகம் இழக்கும் கடைமடைக்காரர் குறைவாகத் தூர்வாருகிறார்!

4. அந்த 0-வைச் சந்தேகியுங்கள். தூர்வாராத வாய்க்காலிலும் தலைமடைக்குக் கொஞ்சம் தண்ணீர் ஏறும். ‘யாருமே இல்லை’ வரியில் தலைமடையின் 0-க்குப் பதில் 3 என்று போடுங்கள். இப்போது எதிராளி என்ன செய்தாலும் தலைமடைக்காரருக்குச் சும்மா இருப்பதே லாபம். (6, 4) மட்டும் மிஞ்சும். முழு வாடகையும் கடைமடைக்காரர் தலையில். ஒரே ஒரு எண்ணைத் தப்பாக வைத்தால் இந்த அநியாயம் கணக்கில் தெரியாமலே போய்விடும்.

சும்மா இருப்பவருக்கு 3 மூட்டை அபராதம் என்று இருவரும் ஒப்புக்கொண்டால்? அடிக்கோட்டை மறுபடி போடுங்கள்: (4, 6) ஒன்றே சமநிலை. அபராதம் 2-க்கு மேல் இருக்க வேண்டும். சரியாக 2 வைத்தால் எண்கள் சமமாகிவிடும், சமநிலை ஒன்றோடு நிற்காது.

ஆளுக்குப் பத்து வழிகள் இருந்தால், கலப்புச் சமநிலை தேட இருவரும் எந்தெந்த வழிகளைக் கலக்கிறார்கள் என்று ஒவ்வொன்றாகப் பார்க்க வேண்டும்; இருவரும் ஒரே எண்ணிக்கையில் வழிகளைக் கலக்கும் இணைகள் மட்டுமே 1,84,755. அப்போது 1964-இல் வந்த லெம்கே–ஹவுசன் முறை என்ற, இருவர் ஆட்டத்துக்கான படிப்படியான கணக்கு வழி உதவும். அது ஒரு சமநிலையை உறுதியாகத் தரும், எல்லாவற்றையும் தராது.