புள்ளியை நகர்த்துங்கள், பூஜ்ஜியத்தை ஒட்டாதீர்கள்

மாடி வீட்டுப் பெண் ஒன்பதாம் வகுப்பு படிக்கிறாள். எண்ணைப் பத்தின் அடுக்கோடு சேர்த்துச் சுருக்கி எழுதும் அறிவியல் குறியீடு புரியவில்லை என்று நோட்டோடு வந்தாள், நானே ஒரு கணக்குக் கொடுத்தேன்: 3.645 × 10⁹, இதைச் சாதாரண எண்ணாக எழுது. யோசிக்காமல் 3645000000000 என்று எழுதினாள். புள்ளியைத் தூக்கிவிட்டு 3645-க்குப் பின்னால் ஒன்பது பூஜ்ஜியம். பத்தால் பெருக்கினால் ஒரு பூஜ்ஜியம் சேர்க்க வேண்டும் என்று சின்ன வகுப்பில் பழகியதுதான் இதற்குக் காரணம். முழு எண்ணுக்கு அது சரி, புள்ளி வைத்த எண்ணுக்குச் சரிவராது.

அடுக்கில் இருக்கும் 9, புள்ளி எத்தனை இடம் நகர வேண்டும் என்பதைத்தான் சொல்கிறது. மிகை அடுக்கு என்றால் வலப்பக்கம். பென்சில் முனையைப் புள்ளியில் வைத்து ஒவ்வொரு இலக்கத்தையும் ஒரு வளைவு போட்டுத் தாண்டச் சொன்னேன். 6, 4, 5, மூன்று தாவல் ஆகிவிட்டது. இன்னும் ஆறு பாக்கி, ஆனால் இலக்கம் தீர்ந்துபோனது, அந்த ஆறு இடத்துக்கு மட்டும் பூஜ்ஜியம். 3645000000. காற்புள்ளி போட்டால் 3,64,50,00,000, அதாவது 364 கோடியே 50 லட்சம்.

இது செம்பரம்பாக்கம் ஏரியின் முழுக் கொள்ளளவு, கன அடியில். பேப்பரில் 3,645 மில்லியன் கன அடி என்றோ 3.645 டி.எம்.சி. என்றோ போடுவார்களே, அதுதான். ஒரு டி.எம்.சி. என்பது நூறு கோடி கன அடி, அதாவது 10⁹. ஆக, மழைக்காலத்தில் ஏரி நிலவரம் பார்க்கிற சென்னைக்காரர்கள் எல்லோரும் இந்தக் குறியீட்டை ஏற்கெனவே படித்துக்கொண்டுதான் இருக்கிறோம். 10⁹ என்ற பகுதிக்கு டி.எம்.சி. என்று பெயர் வைத்திருக்கிறோம், அவ்வளவுதான்.

கோடிக் கணக்கில் சரிபார்க்க ஒரு சுலபமான வழி: கோடி என்பது 10⁷. அடுக்கில் ஏழைக் கழித்தால் 2 மிச்சம், புள்ளியை இரண்டு இடம் நகர்த்தினால் 364.5 கோடி. விடையோடு பொருந்துகிறதா? சரி.

ஒரு பூஜ்ஜியம்கூட வராத கணக்கும் உண்டு. ஒளியின் வேகம் நொடிக்கு 2.99792458 × 10⁸ மீட்டர். புள்ளிக்குப் பின் எட்டு இலக்கம், அடுக்கும் எட்டு, எனவே 299792458, முடிந்தது. சில நேரம் புள்ளி நடுவிலேயே நின்றுவிடும்: 9.86 × 10¹ என்பது 98.6, காய்ச்சல் பார்க்கும்போது சொல்கிறோமே, அந்த எண். அடுக்கு 0 என்றால் எதையும் தொட வேண்டாம்.

இப்போது குறை அடுக்கு. புள்ளி இடப்பக்கம் நகரும். நம் ரத்தச் சிவப்பணுவின் விட்டம் சுமார் 7 × 10⁻⁶ மீட்டர். 7-க்கு வலப்பக்கம் கண்ணுக்குத் தெரியாத புள்ளி இருப்பதாக வைத்துக்கொண்டு ஆறு இடம் இடப்பக்கம் போக வேண்டும். முதல் தாவல் 7-ஐத் தாண்டவே செலவாகிவிடுகிறது, மீதி ஐந்துக்குத்தான் பூஜ்ஜியம்: 0.000007. எனவே குறை அடுக்கில், புள்ளிக்கும் முதல் இலக்கத்துக்கும் நடுவே வரும் பூஜ்ஜியம் எப்போதும் அடுக்கைவிட ஒன்று குறைவு. பச்சை ஒளியின் அலைநீளம் 5.5 × 10⁻⁷ மீட்டர் என்றால், ஆறு பூஜ்ஜியம், அப்புறம் 55, அதாவது 0.00000055. மேலே இருக்கிற கழித்தல் குறியைப் பார்த்து விடைக்கு முன்னால் கழித்தல் குறி போடுகிறவர்கள் இருக்கிறார்கள். அது எண் சிறியது என்று சொல்கிறதே தவிர, பூஜ்ஜியத்துக்குக் கீழே என்று சொல்லவில்லை. −4.2 × 10³ மாதிரி முன்னால் இருந்தால்தான் விடையும் −4200.

எக்ஸெல் பற்றிச் சொல்லாமல் விட மனசு வரவில்லை, ஏனென்றால் அங்கேதான் உண்மையான நஷ்டம் நடக்கிறது. 91 சேர்த்த மொபைல் எண் பன்னிரண்டு இலக்கம். அதை அப்படியே ஒட்டினால் கட்டத்தில் 9.19841, பக்கத்தில் ஆங்கில ஈ எழுத்து, அப்புறம் +11 என்று தெரியும். ஈ என்றால் 'பெருக்கல் பத்தின் அடுக்கு' என்று படியுங்கள். பார்க்கிற எண்ணைக் கையால் மாற்றினால் 919841000000, கணக்குப்படி சரி, ஆனால் அது யாருடைய எண்ணும் இல்லை, கடைசி ஆறு இலக்கம் திரையில் தோராயமாக்கப்பட்டு மறைந்துவிட்டது. கட்டத்துக்குள் முழு எண்ணும் பத்திரமாக இருக்கும். செல் ஃபார்மேட்டில் நம்பர் என்று மாற்றி, தசம இடத்தைப் பூஜ்ஜியம் ஆக்கினால் திரும்ப வரும். இதைச் செய்வதற்கு முன் சி.எஸ்.வி. கோப்பாக, அதாவது காற்புள்ளியால் பிரித்த வெறும் எழுத்துக் கோப்பாகச் சேமித்தால் திரையில் தெரிவதுதான் கோப்புக்குள் போகும், அப்புறம் மீட்க முடியாது. நான் முன்பு வேலை பார்த்த இடத்தில் ஒரு முழு வாடிக்கையாளர் பட்டியல் இப்படித்தான் போனது. பழைய ரசீதுகளைப் புரட்டி ஒவ்வொரு எண்ணாகத் திரும்ப எழுதினோம்.

பதினாறு இலக்கக் கார்டு எண் இன்னும் மோசம், எக்ஸெல் பதினைந்து இலக்கம்தான் வைத்துக்கொள்ளும், பதினாறாவதைப் பூஜ்ஜியமாக்கிவிடும், ஃபார்மேட் மாற்றினாலும் திரும்பாது. இந்த மாதிரி எண்களை ஒட்டுவதற்கு முன்பே அந்த நெடுவரிசையை டெக்ஸ்ட் என்று மாற்றிவிடுங்கள்.