பிடித்த இ.எஸ்.ஐ. பணத்தைக் கட்டாத முதலாளி மீதான வழக்கு இழுபட்டால் தொழிலாளி செய்ய வேண்டியவை

மாதம் 14,000 ரூபாய் வாங்கும் ஒருவரின் சம்பளச் சீட்டில் இ.எஸ்.ஐ. (தொழிலாளர் அரசுக் காப்பீடு) பிடித்தம் என்று 105 ரூபாய் இருக்கும். அதனுடன் தன் பங்காக 455 ரூபாயைச் சேர்த்து, அடுத்த மாதம் 15ஆம் தேதிக்குள் முதலாளி இ.எஸ்.ஐ. கழகத்துக்குக் கட்டியாக வேண்டும். பிடித்த 105 ரூபாய் அவரிடம் ஒப்படைக்கப்பட்ட பணம் என்றே சட்டம் கருதுகிறது. அதனால்தான் 1948ஆம் ஆண்டு இ.எஸ்.ஐ. சட்டத்தின் 85ஆம் பிரிவு, பிடித்துக் கட்டாதவருக்குக் குறைந்தது ஓராண்டு, அதிகபட்சம் மூன்றாண்டு சிறையும் 10,000 ரூபாய் அபராதமும் விதித்தது. 2025 நவம்பர் 21 முதல் நடைமுறையில் உள்ள சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டம் அபராதத்தை ஒரு லட்சமாக உயர்த்தியிருக்கிறது. அதற்கு முன் நடந்த குற்றங்களுக்குப் பழைய சட்டமே பொருந்தும்.

தண்டனை கடுமையாக இருந்தாலும் அது வந்து சேர நாளாகும். 2010இல் பிடித்துக் கட்டப்படாத எட்டு லட்சத்துக்கும் மேற்பட்ட தொகை தொடர்பான ஒரு வழக்கில், உச்ச நீதிமன்றத்தின் இறுதிச் சொல் 2025 ஏப்ரலில்தான் கிடைத்தது. ஆகவே தீர்ப்பு வந்த பிறகு சிகிச்சைக்கும் பணப்பயனுக்கும் போகலாம் என்று ஒருவரும் காத்திருக்கக் கூடாது. முதலாளி கட்டாததால் பயன் மறுக்கப்படும்போது, பங்களிப்பு கட்டப்பட்டிருக்க வேண்டியதே என்று கழகம் திருப்தியடைந்தால், அந்தப் பயனைத் தானே கொடுத்துவிட்டு முதலாளியிடம் வசூலித்துக்கொள்ளப் பழைய சட்டத்தின் 68ஆம் பிரிவு இடம் தந்தது. சம்பளச் சீட்டு, வங்கிக் கணக்குப் பதிவு, வருகை அட்டை ஆகியவற்றின் நகல்களுடன் கிளை அலுவலகத்தில் எழுத்து மூலம் கேட்டு, ஒப்புகை முத்திரை பெற்றுக்கொள்ளுங்கள். வாய்மொழியாகக் கேட்பதால் ஒரு பயனும் இல்லை.

இதற்கு முன்பே, உங்கள் பத்து இலக்கக் காப்பீட்டு எண்ணைக் கொண்டு கழகத்தின் இணையதளத்தில் பங்களிப்பு விவரத்தைப் பார்த்து, எந்தெந்த மாதம் விடுபட்டிருக்கிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். ஏப்ரல் முதல் செப்டம்பர் வரையிலான அரையாண்டில் 78 நாட்களுக்குப் பங்களிப்பு இருந்தால்தான் அடுத்த ஜனவரி முதல் ஜூன் வரை நோய்க்காலப் பணப்பயன் கிடைக்கும். இரண்டு மூன்று மாதம் விடுபட்டாலே இந்தக் கணக்கு உதைக்கக்கூடும்.

பழைய சட்டப்படி இந்த வழக்கைத் தொழிலாளி தானாகத் தொடுக்க முடியாது. கழகத்தின் அதிகாரம் பெற்ற அதிகாரியோ அவருடைய முன் அனுமதி பெற்றவரோதான் எழுத்து மூலம் புகார் தர வேண்டும். முதல் வகுப்பு நீதித்துறை நடுவருக்கும் பெருநகர நடுவருக்கும் கீழான நீதிமன்றம் அதை விசாரிக்கக் கூடாது. அதனால் வழக்கு போடப்பட்டதா, எந்த நீதிமன்றத்தில், என்ன எண்ணில் என்பதைத் தகவல் உரிமைச் சட்டத்தின் கீழ் 10 ரூபாய்க் கட்டணத்துடன் கேளுங்கள். எண் கைக்கு வந்துவிட்டால், நீதிமன்ற வழக்கு விவரங்களைத் தரும் இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் ஒவ்வொரு வாய்தாவிலும் என்ன நடந்தது என்று வீட்டிலிருந்தே பார்க்கலாம்.

அந்தப் பட்டியலைக் கூர்ந்து படித்தால் தேக்கம் எங்கே என்பது புலப்படும். மூன்றாண்டு வரை தண்டனை உள்ள குற்றம் என்பதால் இது வாரண்டு வழக்கு நடைமுறையில் செல்கிறது. அதிலும் காவல்துறை அறிக்கையின்றித் தனிப் புகாரில் வருவதால், குற்றச்சாட்டு வனைவதற்கு முன் ஒருமுறை சாட்சியம், வனைந்த பின் மறுபடி குறுக்கு விசாரணை என்று கழகத்தின் ஒரே ஆய்வாளர் இரண்டு முறை கூண்டேற நேர்கிறது. இடையில் அவர் வேறு ஊருக்கு மாற்றலாகிப் போயிருப்பார். ‘சாட்சி வரவில்லை’ என்ற வரியே திரும்பத் திரும்ப வந்தால் குறை முதலாளி பக்கம் இல்லை என்று பொருள். அப்போது கழகத்தின் மண்டல அலுவலகத்துக்கு, வாய்தாத் தேதிகளைக் குறிப்பிட்டு மனு கொடுங்கள். ‘சம்மன் சார்பு செய்யப்படவில்லை’ (நீதிமன்ற அழைப்பு முதலாளி கைக்குப் போகவில்லை) என்று இருந்தால், உரிமையாளர் இப்போது எந்த முகவரியில் இருக்கிறார் என்பதை உங்களைவிட நன்றாக அறிந்தவர் யார்? அதையும் எழுதிக் கொடுங்கள். சூழ்நிலை கைமீறியதாக இருந்தாலும், எதிர்த்தரப்பின் ஆட்சேபத்தைக் கேட்டுக் காரணம் பதிந்து, இரண்டு வாய்தாவுக்கு மேல் தரக் கூடாது என்கிறது குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 346ஆம் பிரிவு. நடைமுறையில் அதை நினைவூட்ட ஆள் வேண்டும்.

விசாரணைக்கு உயர் நீதிமன்றம் விதித்த தடை வேறு விஷயம். ஆறு மாதத்தில் தடை தானாகக் காலாவதியாகும் என்று 2018இல் உச்ச நீதிமன்றம் சொன்னதை, 2024 பிப்ரவரி 29 அன்று அதன் ஐந்து நீதிபதிகள் அமர்வு ரத்து செய்துவிட்டது. தடையை நீக்கக் கோரிக் கழகம் மனு போட்டால்தான் வழக்கு நகரும். அப்படிப் போட்டிருக்கிறதா என்று கேளுங்கள்.

விசாரணையில் பெரும்பாலும் தர்க்கம் நடப்பது, பணம் உண்மையிலேயே பிடிக்கப்பட்டதா என்பதைச் சுற்றித்தான். சம்பளப் பதிவேடு முதலாளியின் பீரோவில் இருக்கிறது; உங்கள் சட்டைப்பையிலிருந்து போன 105 ரூபாய்க்குச் சாட்சி உங்கள் சீட்டு மட்டுமே. சக தொழிலாளர்களின் சீட்டுகளையும் மாதவாரியாகத் திரட்டிக் கழகத்தின் வழக்கறிஞரிடம் கொடுத்து, சாட்சியாக வரத் தயார் என்று எழுதித் தாருங்கள். குற்றம் உறுதியானால், பாக்கியைக் குறித்த காலத்துக்குள் கட்டுமாறு நீதிமன்றம் தண்டனையோடு சேர்த்தே உத்தரவிடப் பழைய சட்டத்தின் 85சி பிரிவு அதிகாரம் தருகிறது. அந்த உத்தரவைத் தீர்ப்பு நாளுக்கு முன்பே மனுவாகக் கேட்கும்படி அந்த வழக்கறிஞரிடம் சொல்லி வையுங்கள்.