பழைய காட்சிக்குப் பணம் கட்டும் முன் ஒரு தேடல்

ஆவணப்படத்துக்கு இரண்டாம் உலகப் போரின் அமெரிக்க ராணுவக் காட்சியோ, அப்போலோ ராக்கெட் கிளம்பும் காட்சியோ வேண்டுமா? பழைய படக்காட்சிகளை விற்கும் தனியார் ஃபுட்டேஜ் நிறுவனத்துக்கு நொடிக்கணக்கில் பணம் கட்டும் முன், அதே ஷாட் அமெரிக்க தேசிய ஆவணக் காப்பகத்திலோ நாசா இணையதளத்திலோ இருக்கிறதா என்று தேடிப் பாருங்கள்.

அமெரிக்க மத்திய அரசு ஊழியர்கள் பணியின் பகுதியாக எடுத்த படங்களுக்கு அந்நாட்டில் காப்புரிமை கிடையாது. அவற்றைப் பொறுத்தவரை நிறுவனம் விற்பது நல்ல ஸ்கேன் பிரதியையும் தேடித்தரும் உழைப்பையும்தான். காப்பகத்தின் அட்டவணையில் வெறும் சொல்லைப் போட்டுத் தேடினால் ஆயிரக்கணக்கில் கொட்டும். ஒவ்வொரு துறையின் ஆவணங்களுக்கும் காப்பகம் தந்திருக்கும் தொகுப்பு எண்ணையும் (Record Group) சேர்த்துத் தேடுவது நல்லது. ராணுவத்தின் தகவல் தொடர்புப் பிரிவான சிக்னல் கோர் எடுத்தவற்றின் தொகுப்பு எண் 111, கடற்படைக்கு 428, விமானப்படைக்கு 342. 1929 முதல் 1967 வரை வந்த யுனிவர்சல் நியூஸ்ரீல் என்ற திரையரங்கச் செய்திப்படத் தொகுப்பும் அங்கேதான் இருக்கிறது.

காப்பகத்தில் இருப்பதெல்லாம் இலவசம் அல்ல. தனியார் கொடுத்த படங்களுக்கும் பின்னணி இசைக்கும் வேறு உரிமையாளர் இருக்கலாம். ஒவ்வொரு பதிவிலும் பயன்பாட்டுக் கட்டுப்பாடு என்ற வரியைக் கட்டாயம் படியுங்கள். விளம்பரப் படத்தில் விண்வெளி வீரரின் முகம் தெரிந்தால் தனி அனுமதி தேவைப்படும். அரசுப் படங்களுக்குக் காப்புரிமை இல்லை என்ற இந்த விதி இந்திய அரசின் படங்களுக்குப் பொருந்தாது. அவற்றுக்கு வெளியீட்டிலிருந்து 60 ஆண்டுகள் காப்புரிமை உண்டு.