கல்யாண வேலை செய்தவர்களுக்கு அன்பளிப்பும் நன்றியும்: முதன்முறையாகத் திருமணம் நடத்துவோருக்கு ஒரு செய்முறை

எங்கள் சித்தப்பா மகளின் திருமணம் முடிந்த அன்று பிற்பகல் மூன்றரை மணிக்கு, மறந்துபோன குத்துவிளக்கை எடுத்துவர மண்டபத்துக்குத் திரும்பிப் போனேன். சமையற்கட்டின் பின்புறம் நான்கு பெண்கள் அண்டாக்களைச் சாய்த்து வைத்துத் தேய்த்துக்கொண்டிருந்தார்கள். முதல் நாள் மாலையிலிருந்து அங்கேயே இருந்தவர்கள் அவர்கள். சமையல் குழுவுக்கான அன்பளிப்பு முழுவதையும் ஒரே கவரில் போட்டு மேற்பார்வையாளரிடம் கொடுத்துவிட்டு நாங்கள் நிம்மதியாகக் கிளம்பியிருந்தோம். அதில் ஒரு ரூபாய்கூட இவர்கள் கைக்கு வரவில்லை என்பது பேச்சுவாக்கில் தெரிந்தது. அதன்பின் எங்கள் குடும்பத்தில் நடந்த திருமணங்களில் இந்தப் பொறுப்பை நானே கேட்டு வாங்கிக்கொண்டேன். அப்படிக் கற்றுக்கொண்டதைத்தான் இங்கே வரிசையாக எழுதுகிறேன்.

படி 1: இரண்டு பட்டியல் எழுதுங்கள்

முதல் பட்டியலில் நீங்கள் முன்பணம் கொடுத்துப் பேசி முடித்தவர்கள் வருவார்கள்: மண்டபம், சமையல் ஒப்பந்தக்காரர், நாதஸ்வரக் குழு, புரோகிதர், பூ அலங்காரம், மணப்பெண் ஒப்பனை, போட்டோ, வீடியோ, வேன். இரண்டாவது பட்டியலில் அவர்கள் தங்களோடு அழைத்து வருபவர்களை எழுத வேண்டும். காய் நறுக்குபவர், பரிமாறுபவர், இலை எடுப்பவர், பாத்திரம் கழுவுபவர், மண்டபத்தின் துப்புரவுப் பணியாளர், இரவுக் காவலாளி, எலக்ட்ரீசியன், ஜெனரேட்டரைப் பார்த்துக்கொள்பவர், போட்டோகாரருக்கு விளக்குப் பிடிக்கும் பையன் என்று அது நீளும்.

இந்த இரண்டாவது பட்டியலை ஊகத்தில் எழுதக் கூடாது. திருமணத்துக்குப் பதினைந்து நாள் முன்பே ஒவ்வொருவரையும் தொலைபேசியில் அழைத்து, "உங்களோடு எத்தனை பேர் வருகிறார்கள், எத்தனை மணிக்கு வந்து எத்தனை மணிக்குக் கிளம்புவார்கள்?" என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். சாப்பாட்டுக் கணக்குக்கும் இந்த எண்ணிக்கை தேவைப்படும் என்பதால், கேட்பதில் யாருக்கும் சங்கடம் இருக்காது.

படி 2: பாக்கி வேறு, சம்பாவனை வேறு, அன்பளிப்பு வேறு

ஒப்பந்தப்படி தர வேண்டிய பாக்கியை முழுவதுமாகத் தீர்த்த பிறகு மனம் நிறைந்து கொடுப்பதே அன்பளிப்பு. பாக்கியில் ஆயிரம் ரூபாயைக் குறைத்துப் பேசிவிட்டு, அதே ஆயிரத்தை வெற்றிலை பாக்கில் வைத்து நீட்டுவது கொடுப்பதாகாது. புரோகிதருக்குத் தருவது சம்பாவனை, அதாவது தட்சிணை. அதைத் தட்டில் வெற்றிலை பாக்கு, பழம், வேட்டி, துண்டோடு வைத்துக் கொடுப்பதே முறை. உடன் வந்த உதவியாளருக்குத் தனியாக வைக்க வேண்டும். சுயமரியாதைத் திருமணமாக இருந்தால் இந்த இடமே வராது; தேவாலயத் திருமணத்தில் கோயில்பிள்ளை எனப்படும் தேவாலயப் பணியாளரையும் பாடகர் குழுவையும் மறந்துவிடக் கூடாது.

வேன் ஓட்டுநருக்குப் பேட்டா வாடகையில் சேர்ந்திருக்கிறதா என்பதை முன்பதிவின்போதே கேட்டுவிடுங்கள். வரவேற்பை நட்சத்திர ஓட்டலில் வைப்பவர்கள் பில்லில் சேவைக் கட்டணம் என்று ஒரு வரி இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். ஓட்டல்களும் உணவகங்களும் அதைத் தாமாகவே பில்லில் சேர்க்கக் கூடாது என்று மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2022 ஜூலையில் வழிகாட்டுதல் வெளியிட்டது. 2025 மார்ச்சில் டில்லி உயர் நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. அந்தத் தொகையைப் பரிமாறியவர்களின் கையிலேயே நேராகக் கொடுப்பது நல்லது.

படி 3: தொகையும் கவரும்

எவ்வளவு கொடுப்பது என்பதற்கு எழுதி வைத்த விதி எதுவும் இல்லை. ஊருக்கு ஊர், வசதிக்கு வசதி மாறும். எங்கள் வீட்டுக் கணக்கைச் சொல்கிறேன்: பாத்திரம் கழுவுபவர், இலை எடுப்பவர், துப்புரவுப் பணியாளர், காவலாளி ஆகியோருக்குத் தலைக்கு 301 ரூபாய், பரிமாறுபவர்களுக்கு 201, ஓட்டுநருக்கும் எலக்ட்ரீசியனுக்கும் 501, தலைமைச் சமையற்காரருக்கும் நாதஸ்வரக் கலைஞர்களுக்கும் 1001 ரூபாயோடு வேட்டி, துண்டு. பணம் குறைவாக இருந்தால் மேலிருந்து குறைத்துக்கொண்டு வாருங்கள். மாஸ்டருக்கு நல்ல கூலி பேசியிருப்பீர்கள். அண்டா தேய்த்தவருக்கு என்ன கூலி என்று உங்களுக்குத் தெரியவே தெரியாது.

வங்கியில் முன்கூட்டியே சொல்லி நூறு ரூபாய்க் கட்டு ஒன்று வாங்கி வையுங்கள். ஒரு கட்டில் நூறு தாள், அதாவது 10,000 ரூபாய் இருக்கும். ஒரு ரூபாய் நாணயம் ஒட்டிய கவர்கள் எல்லாக் கடைகளிலும் கிடைக்கின்றன. கவரின் பின்பக்கம் பென்சிலால் 'பாத்திரம் 4இல் 1', 'இரவுக் காவல்' என்று குறித்துவிட்டால் கல்யாணக் கூட்டத்தில் கை தடுமாறாது. பட்டியலில் இல்லாத யாரோ ஒருவர் கட்டாயம் வருவார் என்பதால் ஐந்தாறு கவர்களைக் குறிப்பில்லாமல் வைத்துக்கொள்ளுங்கள். கைப்பேசி வழியே அனுப்பலாமே என்று கேட்பவர்கள் உண்டு. குழுவில் பலருக்கு ஒரே எண்தான் இருக்கும், அதுவும் பெரும்பாலும் மேற்பார்வையாளருடையதாக இருக்கும். ஆகையால் ரொக்கமே சரி.

படி 4: பையை ஒருவரிடம் ஒப்படையுங்கள்

பெண்ணைப் பெற்றவரும் மாப்பிள்ளையைப் பெற்றவரும் மணமேடையை விட்டு நகர முடியாது. மொய் எழுதுபவருக்கு மேசையை விட்டு எழ முடியாது. ஆகவே சித்தப்பா, தாய்மாமன், அத்தை என்று முகம் பார்த்துப் பேசத் தெரிந்த ஒருவரிடம் கவர்ப் பையையும் பட்டியலையும் முதல் நாள் மாலையே கொடுத்துவிடுங்கள். இந்தப் பணத்தை மொய்ப் பணத்தோடு எக்காரணம் கொண்டும் கலக்காதீர்கள்; கலந்தால் இரவு மொய்க் கணக்கு ஒத்துப்போகாமல் வீட்டில் மனத்தாங்கல்தான் மிஞ்சும்.

படி 5: கிளம்பும் நேரம் அறிந்து கொடுங்கள்

பெரும்பாலான வீடுகள் தவறுவது இங்கேதான். எல்லாருக்கும் கடைசியில் கொடுத்துக்கொள்ளலாம் என்று இருந்துவிடுகிறோம். கல்யாண வேலைக்கு வந்தவர்களோ ஒவ்வொரு நேரத்தில் கிளம்புகிறார்கள். இரவுக் காவலாளி காலை ஆறு மணிக்கு முறை மாறிப் போய்விடுவார், முகூர்த்தத்தைக்கூடப் பார்க்க மாட்டார். ஒப்பனைக்கு வந்த பெண்ணும் அவருடைய உதவியாளரும் கூறைப்புடவை கட்டிவிட்டதும் அடுத்த வேலைக்கு ஓடுவார்கள். மாலை வரவேற்பில் பரிமாறிய பையன்களில் பலர் கல்லூரி மாணவர்கள்; மறுநாள் காலைப் பந்தியில் வேறு முகங்கள் இருக்கும். ஆகவே முதல் நாள் இரவு கடைசிப் பந்தி முடிந்ததும் ஒரு சுற்று, காலை ஐந்தரை மணிக்கு ஒரு சுற்று, தாலி கட்டிய பின் ஒரு சுற்று, மதியப் பந்திக்குப் பின் ஒரு சுற்று என்று நான்கு முறை நடக்க வேண்டும். கட்டுச்சாதம் கட்டி எல்லாரும் வண்டி ஏறிய பிறகும் பாத்திரம் கழுவுபவர்களின் வேலை முடிந்திருக்காது. பொறுப்பாளர் அவர்களிடம் போய்க் கொடுத்துவிட்ட பிறகே மண்டபத்தை விட்டுக் கிளம்ப வேண்டும்.

படி 6: கையில் கொடுங்கள், பார்த்ததைச் சொல்லுங்கள்

ஒப்பந்தக்காரரிடம் முதலிலேயே, "உங்கள் ஆட்களுக்கு எங்கள் வீட்டு அன்பளிப்பை நாங்களே கையில் கொடுத்துவிடுகிறோம், அதைக் கூலியில் கழிக்க வேண்டாம்" என்று மரியாதையாகச் சொல்லிவிடுங்கள். அவரைத் தாண்டிப் போவதாக அவர் நினைத்துவிடக் கூடாது. பிறகு ஒவ்வொருவரிடமும் போய், பெயர் கேட்டு, அக்கா என்றோ அண்ணன் என்றோ அழைத்து, வலது கையால் கொடுங்கள். 'ரொம்ப நன்றி' என்று பொதுவாகச் சொல்வதைக் காட்டிலும் அவர் செய்த வேலையில் நீங்கள் கண்ட ஒன்றைச் சொல்லுங்கள். "மாஸ்டர், கடைசிப் பந்தி வரைக்கும் ரசம் கொதிக்கக் கொதிக்க வந்தது, எங்கள் பெரியம்மா இரண்டு முறை கேட்டு வாங்கினார்" என்று சொன்னபோது, அந்த மாஸ்டர் துண்டில் கையைத் துடைத்துவிட்டுத்தான் கவரை வாங்கினார்.

நாதஸ்வரக் குழுவுக்குச் சற்றுக் கூடுதல் கவனம் வேண்டும். கெட்டிமேளத்துக்குக் கை அசைக்கும் நேரம் தவிர அவர்கள் பக்கம் திரும்பாத திருமணங்களைப் பார்க்கும்போது எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது. தாலி கட்டி, பெரியவர்கள் ஆசி வழங்கி முடிந்ததும், மணமக்களே அவர்கள் அமர்ந்திருக்கும் இடத்துக்குச் சென்று, நாதஸ்வரத்துக்கும் தவிலுக்கும் பொன்னாடை போர்த்தித் தட்டில் சம்பாவனை கொடுக்கட்டும். தாளம் போட்டவருக்கும் சுருதிப் பெட்டிக்காரருக்கும் தனித்தனிக் கவர் இருக்க வேண்டும். அழைத்து மேடைக்குக் கீழே நிற்க வைத்துக் கொடுப்பது அழகில்லை.

படி 7: சாப்பாடு

மிஞ்சிய சோற்றைக் கட்டிக் கொடுப்பதை அன்பளிப்புக் கணக்கில் சேர்க்காதீர்கள். இரண்டாவது பட்டியலில் உள்ளவர்களின் எண்ணிக்கைக்கு இனிப்பும் காரமும் முன்கூட்டியே தனியாகப் பொட்டலம் போட்டு, விருந்தினருக்குத் தரும் அதே தாம்பூலப் பையோடு கொடுங்கள். போட்டோகாரர்களும் நாதஸ்வரக் குழுவும் உட்கார்ந்து சாப்பிட ஒரு பந்தியில் இலை ஒதுக்கச் சொல்லுங்கள்.

படி 8: திருமணத்துக்குப் பின்

ஒரு வாரத்துக்குள், ஒப்பந்தம் போட்டவர்களைத் தொலைபேசியில் அழைத்துப் பேசுங்கள். இணையத்தில் அவர்கள் கடைக்கு மதிப்புரை எழுதுவது பணத்தைவிடப் பெரிய உதவியாக அமையலாம். அதில் தேதி, மண்டபம், எத்தனை பேருக்குச் சமைத்தார்கள் என்ற விவரங்களோடு எழுதினால் படிப்பவர் நம்புவார். குறை இருந்தால் அதை ஒப்பந்தக்காரரிடம் தனியாகச் சொல்லுங்கள். சாம்பாரில் உப்புக் கூடியதற்காக இலை எடுத்தவரின் கவரை நிறுத்தி வைப்பது நியாயமில்லை.

கொடுத்த தொகையையும் பெயர்களையும் குறித்த அந்தப் பட்டியலை மொய் நோட்டுக்குள்ளேயே மடித்து வையுங்கள். அடுத்து தம்பிக்கோ தங்கைக்கோ மண்டபம் பார்க்கப் போகும்போது, யாரை அழைக்க வேண்டும் என்று தேட அதுதான் முதலில் கைக்கு வரும்.