குறும்படத்துக்குப் பின்னணி இசை அமைப்பது எப்படி: முதல் முறை செய்பவர்களுக்கு

1. எடிட் முழுதாக முடிந்து பிக்சர் லாக் (இனி எந்த வெட்டும் மாறாது என்ற நிலை) ஆகும்வரை இசையைத் தொடங்காதீர்கள். இசை அமைத்த பிறகு எடிட்டர் ஒரே ஒரு ஷாட்டில் அரை விநாடி வெட்டினாலும், அதற்குப் பின்னால் வரும் இசையெல்லாம் இடம் மாறிவிடும். திரையில் டைம்கோடு (ஒவ்வொரு ஃபிரேமின் நேரத்தைக் காட்டும் எண்) ஓடும் வீடியோவைக் கேட்டு வாங்குங்கள். ஃபிரேம் ரேட் (விநாடிக்கு எத்தனை ஃபிரேம்) என்ன என்பதையும் எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். 23.976-ல் எடிட் செய்த படத்தை 24 என்று வைத்து வேலை செய்தால், 10 நிமிடத்தில் 0.6 விநாடி, அதாவது சுமார் 14 ஃபிரேம் விலகும். இசை சாஃப்ட்வேரில் சாம்பிள் ரேட்டை 48 கிலோஹெர்ட்ஸ், பிட் டெப்த்தை 24 பிட் என்று வையுங்கள்.

2. இயக்குநருடன் உட்கார்ந்து படத்தைப் பாருங்கள். இசை எங்கே நுழைகிறது, எங்கே நிற்கிறது, எதற்காக வருகிறது என்று ஒவ்வொரு இடத்துக்கும் குறித்துக்கொள்ளுங்கள். இசையே வேண்டாத இடங்களையும் எழுதுங்கள். புதியவர்கள் தவறுவது பெரும்பாலும் இங்கேதான். நடிகரின் முகத்தில் உணர்வு வந்த பிறகு இசை நுழையட்டும். முந்திக்கொண்டால், இப்போது அழுங்கள் என்று பார்வையாளரைப் பிடித்துத் தள்ளுவது போலாகிவிடும். எடிட்டில் தற்காலிக இசை ஏதாவது இருந்தால், அதில் இயக்குநருக்குப் பிடித்தது வேகமா, வாத்தியமா, அடக்கமா என்று கேளுங்கள்.

3. இனி டெம்போ, அதாவது நிமிடத்துக்கு எத்தனை பீட் என்பது. 24 ஃபிரேம் படத்தில் இசை 2:10-ல் தொடங்குகிறது. 2:37-ம் 12 ஃபிரேமும் ஆகும்போது கதவு திறக்கிறது. இடைவெளி 27.5 விநாடி. கதவு 9-வது பாரின் முதல் பீட்டில் விழ வேண்டுமானால், நடுவே 4/4-ல் (ஒரு பாருக்கு 4 பீட்) 8 பார், அதாவது 32 பீட். 32 × 60 ÷ 27.5 = 69.82. இதை அப்படியே டெம்போவாகக் கொடுக்கலாம். முழு எண்ணாக 70 வைத்தால் பீட் ஏறக்குறைய 2 ஃபிரேம் முன்னால் விழும்; இசையை 2 ஃபிரேம் தள்ளித் தொடங்கினால் சரியாகிவிடும். எல்லா அசைவுக்கும் இப்படிப் பொருத்த வேண்டாம். ஒரு காட்சிக்கு ஒன்றிரண்டு போதும்.

4. வசனத்தை ஓடவிட்டபடியே இசை அமையுங்கள். பேச்சின் தெளிவு பெரும்பாலும் 1 முதல் 4 கிலோஹெர்ட்ஸுக்குள் இருக்கிறது. அங்கே வயலின் மெலடி அடர்த்தியாக ஓடினால் சொற்கள் மங்கும். ஈக்யூவில் (குறிப்பிட்ட அலைவரிசையின் ஒலியைக் கூட்டிக் குறைக்கும் கருவி) அந்தப் பகுதியை 2 அல்லது 3 டெசிபல் குறைப்பது ஓரளவுதான் உதவும். நீளமான சுரங்களை மெல்லிய ஒலியில் பிடித்து, மெலடியை வசனங்களின் இடைவெளியில் வைப்பதே நல்ல வழி.

5. தாளம், தந்தி, பியானோ, சிந்த் என்று தனித்தனி ஸ்டெம்களாக (ஒரு வாத்தியக் குழுவுக்கு ஒரு ஃபைல்) கொடுங்கள். எல்லா ஃபைலும் ஒரே புள்ளியில் தொடங்க வேண்டும். ரிவெர்ப் (ஒலி நின்ற பின்னும் தொடரும் எதிரொலிப்பு) முழுதாக அடங்கும்வரை கடைசியில் இடம் விடுங்கள். படத்தின் முதல் ஃபிரேமுக்குச் சரியாக 2 விநாடி முன்னால், ஒரு ஃபிரேம் நீளத்துக்கு 1 கிலோஹெர்ட்ஸ் பீப் வைத்தால் மிக்ஸிங்கில் பொருத்துவது எளிது. அனுப்பும் முன் ஸ்டெம்களைப் புதிய புராஜெக்டில் அடுக்கி, முழு மிக்ஸோடு ஒப்பிட்டுக் கேளுங்கள். சத்தம் வேறுபட்டால் மாஸ்டரில் (எல்லா டிராக்கும் சேரும் இறுதி சேனல்) இருக்கும், உச்ச சத்தத்தை அடக்கும் லிமிட்டரைச் சந்தேகியுங்கள்: மொத்தமாக வரும் ஒலியை அது அழுத்தும் அளவுக்கு ஒற்றை ஸ்டெமை அழுத்தாது. அதை அணைத்துவிட்டு மிக்ஸையும் ஸ்டெம்களையும் மறுபடி எடுங்கள்.