பொது இடத்தில் குண்டு வெடித்தால்: முதல் மணி நேரமும் அதற்குப் பிந்தைய மாதங்களும்

1998 பிப்ரவரி 14 அன்று கோவையில் ஆர்.எஸ்.புரம், உக்கடம், ரயில் நிலையம், அரசு மருத்துவமனை என அடுத்தடுத்துக் குண்டுகள் வெடித்ததில் 58 பேர் இறந்தனர். இருநூறுக்கும் மேற்பட்டோர் காயமடைந்தனர். தாக்கியவர்கள், காயமடைந்தவர்களைக் கொண்டு செல்லும் மருத்துவமனையைக்கூட விட்டுவைக்கவில்லை. ஆகவே ஓரிடத்தில் வெடித்தவுடன் என்ன நடந்தது என்று பார்க்க ஓடுவதுதான் முதலில் தவிர்க்க வேண்டிய செயல்.

காந்திபுரத்திலோ சிங்காநல்லூரிலோ பேருந்துக்குக் காத்திருக்கும்போது, கேட்பாரற்ற பை, டிபன் கேரியர் அல்லது நெடுநேரம் நகராத இருசக்கர வாகனம் கண்ணில் பட்டால், அதைத் தொடாமலும் நகர்த்தாமலும் விலகிச் சென்று, தள்ளி நின்று 112 என்ற எண்ணை அழைக்க வேண்டும். 1985 மே மாதத்தில் காலிஸ்தான் பிரிவினைவாதிகள் டெல்லியிலும் அண்டை மாநிலங்களிலும் டிரான்சிஸ்டர் ரேடியோக்களுக்குள் குண்டுகளை மறைத்து வைத்தனர். எடுத்துப் பாடவைக்கலாம் என்ற ஆசைதான் அங்கே திரியாக இருந்தது.

வெடித்த இடத்தில் நீங்களே இருந்தால், முதலில் கண்ணாடிச் சுவர்களையும் விளம்பரப் பலகைகளையும் விட்டு விலகுங்கள். 1996 ஜனவரி 31 அன்று கொழும்பு மத்திய வங்கியை விடுதலைப் புலிகள் வெடிமருந்து நிரப்பிய லாரியால் தாக்கியபோது 91 பேர் இறந்தனர். 1,400 பேர் அளவுக்குக் காயமடைந்தவர்களில், பறந்து வந்த கண்ணாடிச் சில்லுகளால் பார்வை இழந்தோரும் இருந்தனர். காயமடைந்தவருக்கு இரத்தம் பீறிட்டால், துண்டையோ வேட்டியையோ மடித்து வைத்து இடைவிடாமல் அழுத்திப் பிடிக்க வேண்டும். எப்படி இருக்கிறது என்று நொடிக்கொரு முறை எடுத்துப் பார்க்கக் கூடாது. குத்தி நிற்கும் சில்லைப் பிடுங்கக் கூடாது. வெளிக்காயம் ஏதுமின்றி மூச்சுத் திணறலோ காது அடைப்போ உள்ளவர் "ஒண்ணும் இல்லைங்க, வீட்டுக்குப் போறேன்" என்று கிளம்பினாலும் விடாதீர்கள். வெடிப்பின் அழுத்தம் நுரையீரலைச் சிதைத்திருந்தால் வெளியே தெரியாது. அவசர சிகிச்சைக்குக் காவல்துறை நடைமுறை முடியட்டும் என்று எந்த மருத்துவமனையும் காத்திருக்கக் கூடாது என்பது 1989இல் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு.

உறவினரைக் காணவில்லை என்றால் குடும்பமே திரண்டு மருத்துவமனைக்குப் போக வேண்டாம். ஒருவர் மருத்துவமனைக்கும் இன்னொருவர் காவல் நிலையத்துக்கும் போக, மூன்றாமவர் வீட்டில் தொலைபேசியருகே இருக்கட்டும். அண்மைப் புகைப்படம், அன்று அணிந்திருந்த உடை, தழும்பு, மச்சம் ஆகிய விவரங்களை எழுதிக் கொண்டு செல்லுங்கள். திருப்பூரில் பனியன் கம்பெனி நடத்துவோர், வடமாநிலத் தொழிலாளர்களின் ஊர் எண்ணை முன்பே குறித்து வைத்திருப்பது நல்லது. அவர்களைத் தேடி வர இங்கே ஆள் கிடையாது.

வாட்ஸ்அப்பில் வருவதைக் கடத்திவிடாதீர்கள். 2023 மார்ச்சில், தமிழ்நாட்டில் பீகார் தொழிலாளர்கள் தாக்கப்படுவதாகப் பரவிய பொய்க் காணொளிகளே திருப்பூரில் பலரை ரயில் ஏற வைத்தன. குண்டு வெடித்த நாளில் ஒரு சமூகத்தின் மீது பழிபோடும் செய்தி எவ்வளவு தூரம் போகும் என்பதைக் கோவைக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை.

அதன் பின் வருவது காகித வேலை. பலர் சோர்ந்துபோவது இங்கேதான். மருத்துவமனையில் பதிவாகும் ஏ.ஆர். (விபத்துப் பதிவேடு) நகலில் பெயரும் தந்தை பெயரும் ஆதாரில் உள்ளபடியே இருக்கின்றனவா என்று முதல் வாரத்திலேயே பாருங்கள். மயங்கிய நிலையில் வந்தவரை "அடையாளம் தெரியாத ஆண்" என்று எழுதியிருந்தால் உடனே திருத்தக் கேளுங்கள். முதல் தகவல் அறிக்கை, பிரேதப் பரிசோதனை அறிக்கை, இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, உடல் ஊனமெனில் ஊனச் சான்று ஆகியவற்றின் நகல்களைத் தனிக்கோப்பில் வையுங்கள். பயங்கரவாதத்தால் உயிரிழந்தோரின் குடும்பத்துக்கும், 50 விழுக்காடோ அதற்கு மேலோ நிரந்தர ஊனமுற்றோருக்கும், மத்திய உள்துறைத் திட்டத்தின் கீழ் 5 லட்சம் ரூபாய் உதவி உண்டு. இதற்கு மாவட்ட ஆட்சியர் அலுவலகத்தை அணுக வேண்டும். மாநில இழப்பீட்டுக்கு மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனுக் கொடுக்கலாம். வழக்கு முடியட்டும் என்று காத்திருக்கத் தேவையில்லை. மனு கொடுத்ததற்கு ஒப்புகைச் சீட்டு வாங்காமல் எழுந்து வராதீர்கள்.

வாரங்கள் கழிந்தும் தூக்கம் வராமலோ, தீபாவளி வெடிச் சத்தத்துக்கே உடல் நடுங்கினாலோ, 14416 என்ற டெலி மானஸ் (அரசின் மனநல உதவி) எண்ணில் தமிழிலேயே கட்டணமின்றிப் பேசலாம்.