இளையோருக்கான ரத்தக்காட்டேரி கதை: எங்கே சறுக்குகிறது?

பதின்பருவத்தினருக்கு ரத்தக்காட்டேரி கதை எழுத உட்காரும் பலரும் முதலில் காட்டேரியின் அழகைத்தான் யோசிக்கிறார்கள். வெளிறிய முகம், கறுப்புக் கோட்டு, துளைக்கும் பார்வை. நான் முதலில் யோசிக்கச் சொல்வது அவனுடைய வயதை. பெரும்பாலான கதைகள் அங்கேதான் சறுக்குகின்றன.

பார்வைக்குப் பதினேழு, பிறந்து இருநூறு ஆண்டாகிறது என்று ஓரிடத்தில் எழுதிவிட்டு, மீதிக் கதை முழுக்க அவனை வகுப்பிலுள்ள மற்ற பையன்களைப் போலவே பேசவிடுகிறார்கள். அந்தக் காலத்தில் பிறந்தவன் காசநோய் குடும்பம் குடும்பமாக ஆட்களைக் கொண்டுபோனதைப் பார்த்திருப்பான். வகுப்பில் யாராவது இருமினால் மற்றவர்கள் திரும்பிக்கூடப் பார்க்கமாட்டார்கள். அவனோ எழுதுவதை நிறுத்திவிட்டு, இருமியவரின் கைக்குட்டையில் ரத்தம் இருக்கிறதா என்று பார்ப்பான். அவன் வயது வாசகருக்கு உறைக்க இது போதும்.

காசநோயை நான் சும்மா சொல்லவில்லை. 1892-ல் அமெரிக்காவின் ரோட் ஐலண்ட் மாநிலத்தில், அந்த நோயில் இறந்த 19 வயது மெர்சி பிரவுனின் உடலை ஊரார் தோண்டியெடுத்தார்கள். அவள்தான் சகோதரனின் உயிரை உறிஞ்சுகிறாள் என்ற பயத்தில் இதயத்தை எரித்து, சாம்பலை அவனுக்கே குடிக்கக் கொடுத்தார்கள். அவனும் பிழைக்கவில்லை. காட்டேரி பயத்துக்குப் பின்னால் இப்படி ஒரு வீட்டுத் துக்கம் இருந்திருக்கிறது. கதையிலும் அது இருக்கட்டும்.

வயதோடு வரும் இன்னொரு தவறு இதைவிடப் பெரியது. இருநூறு வருட அனுபவமுள்ளவன் பதினாறு வயதுப் பெண்ணைப் பின்தொடர்வதையும், யாரோடு பேசலாம் என்று அவளுக்குச் சட்டம் போடுவதையும் காதலின் ஆழமாக எழுதாதீர்கள். அந்த வயதில் படிப்பவர்கள் காதல் எப்படியிருக்கும் என்பதைக் கதைகளிலிருந்தும் கற்றுக்கொள்கிறார்கள். அப்படிப்பட்ட நடத்தை கதையில் வரலாம். ஆனால் அவளுக்கு அது உறுத்த வேண்டும், அவள் தட்டிக் கேட்க வேண்டும். முக்கியமான முடிவுகளையும் அவளே எடுக்கட்டும்.

விதிகளுக்கு வருவோம். வெயில் பட்டால் காட்டேரி சாகும் என்பது ஆதியிலிருந்தே வந்த விதி அல்ல. 1897-ல் வெளிவந்த 'டிராகுலா' நாவலில் அவன் பகலில் நடமாடுவான், சக்திதான் குறைந்திருக்கும். வெயிலில் மடிவது 1922-ல் வந்த 'நோஸ்ஃபெராட்டு' படத்தால் பரவியது. ஆகவே விதியை மாற்ற உங்களுக்கு முழு உரிமை உண்டு. ஆனால் மூன்றாம் அத்தியாயத்தில் வைத்த விதியை, நாயகனைக் காப்பாற்றுவதற்காக இருபதாம் அத்தியாயத்தில் தளர்த்தினால் வாசகர் மன்னிக்கமாட்டார். நல்ல விதி யாரையாவது வதைக்கும். அழைக்காமல் வீட்டுக்குள் வர முடியாது என்றால், விவரம் தெரியாத தம்பி கதவைத் திறந்து "உள்ள வாங்க" என்று சொல்லிவிடட்டும்.

ரத்தக் கணக்கையும் கவனியுங்கள். வளர்ந்தவர் உடலில் இருப்பதே சுமார் 5 லிட்டர்தான். இரண்டு லிட்டர் போனால் உயிருக்கே ஆபத்து. நாயகியின் ரத்தத்தைக் காட்டேரி வயிறு முட்டக் குடித்த மறுநாள் காலை அவள் ஓட்டப்பந்தயத்தில் ஓட முடியாது.

கடைசியில் அவளும் காட்டேரியாவதைக் கல்யாணம்போல முடித்துவைப்பது பலருக்கும் உள்ள வழக்கம். அப்படித்தான் முடிக்கப்போகிறீர்கள் என்றால், அவள் எதையெல்லாம் விட்டுவிட்டு வருகிறாள் என்பதைக் கதையின் நடுவிலேயே எழுதத் தொடங்குங்கள். தங்கை தன்னைவிட மூத்தவளாகிவிடுவாள் என்பது அவளுக்கு முன்பே தெரிந்திருக்க வேண்டும். தெரிந்தும் சம்மதித்தாளா, தெரிந்ததால் மறுத்தாளா என்பதை அவள் வாயாலேயே சொல்லவிடுங்கள்.